எண்பத்திரண்டு டிகிரி

எண்ணூர் விரைவுச்சாலையில்
கன்டெய்னர் லாரிகள் மூன்று நாளாக நகரவில்லை.
அவற்றின் நடுவே அரை அரை அடியாக ஊர்ந்த என் ஆல்ட்டோ
எர்ணாவூர் தாண்டும்போது
முள் சிவப்புக்கு ஏறிவிட்டது.

ஏசியை அணைத்தேன், கண்ணாடியை இறக்கினேன்.
மீன் லோடு ஒழுகிய தண்ணீர் வாடையும் டீசல் புகையும்
உள்ளே வந்து உட்கார்ந்தன.
பக்கத்து லாரி கிளீனர் குனிந்து
"யக்கா, வண்டி ஆவி வுடுது" என்றான்,
எனக்குத் தெரியாதது போல.

தேவநாதன் பானெட்டைத் திறக்கக்கூட இல்லை.
"ஹெட் கேஸ்கட்மா. எஞ்சின் இறக்கணும்.
பதினாலாயிரம் ஆவும்."
அன்று இரவே செல்வின் சொன்னான்:
"வித்துடு. ஊர்ல பஸ் இல்லையா?"
இருக்கிறது.
நைட் ஷிப்டு முடிந்து யார்டு வாசலில் நிற்கிற எனக்கு
அது நிற்பதில்லை.

ஞாயிறு காலை, வண்டி ஆறியிருந்தது.
ஆயில் குச்சியை இழுத்துப் பார்த்தேன்:
எண்ணெயில் பால் நிறம் இல்லை.
ரேடியேட்டரில் பச்சைத் தண்ணீர் கழுத்துவரை.
மூடிவிட்டு ஸ்டார்ட் செய்தேன், காத்திருந்தேன்.
முள் பாதியைத் தாண்டியது.
எஞ்சின் மேல் கை வைக்க முடியவில்லை.
ரேடியேட்டருக்குப் போகிற மேல் ஓஸ் மட்டும்
மண்பானைக் கழுத்து போல
ஜில்லென்று இருந்தது.

உள்ளே கொதிக்கிறது, வெளியே போக வழியில்லை.
நடுவில் ஒருவன் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான்.
கேட் பாஸ் எழுதுவதுதான் என் வேலை.
அந்த மாதிரி ஆளை எனக்கு நன்றாகத் தெரியும்.

மறுபடி ஆறவிட்டேன்.
பத்தாம் நம்பர் ஸ்பேனர், இரண்டு போல்ட்டு.
ஒன்று உடனே வந்தது.
மற்றது உப்புக்காற்றில் துருவேறி ஒரு மணி நேரம் வரவில்லை.
மண்ணெண்ணெய் விட்டேன், தட்டினேன்.
யார்டில் கேட்ட வசவு ஒன்றை முழுதாகச் சொன்னதும்
கிரீச்சென்று அசைந்தது.
வடிந்த கூலன்ட்டைப் பேசினில் பிடித்துப்
பலகை போட்டு மூடினேன்.
இனிக்குமாம். தெருநாய் குடித்தால் செத்துவிடும்.

கையில் வந்தது ஒரு பணியாரம் அளவு:
பித்தளை வயிறு, ஒரு ஸ்பிரிங்.
சட்டியில் நீர் வைத்துப் போட்டேன்.
செல்வின் பல் தேய்த்தபடி வந்து நின்றான்.
"அது பால் சட்டி."
"தெரியும்."
நீர் கொதித்தது, தளதளத்தது, பத்து நிமிடம்.
மயிரிழை அளவுகூட வாய் திறக்கவில்லை அது.

தண்டையார்பேட்டையில் ஜபருல்லா கடை ஞாயிறும் உண்டு.
முந்நூற்று நாற்பது ரூபாய்.
"வூட்டுக்காரரு வரலியா?"
"பல் தேய்க்கிறாரு."

புதியதையும் சட்டியில் போட்டேன்.
நம்பி மாட்டிவிட்டுப் பிறகு அழ முடியாது.
சும்மா கிடந்தது.
இன்னும் கொதிக்கவில்லை,
அடியிலிருந்து பொடிக் குமிழிகள் கிளம்புகிற நேரம்
நடுத்தட்டு மெல்ல நகர்ந்து
ஓரத்தில் பிறை போல ஓர் இடைவெளி.
"தொறக்குது" என்றான் செல்வின்,
சத்தம் போட்டால் மூடிக்கொள்ளும் என்பது போல.

பழைய பேப்பர் கேஸ்கட்டை பிளேடால் சுரண்டி,
குட்டி ஊசி மேலே வர வைத்துப் பூட்டினேன்.
கூலன்ட் ஊற்றி, மூடி போடாமல் ஸ்டார்ட் செய்தேன்.
முள் ஏறியது.
பாதி. பாதிக்கும் மேலே.
தேவநாதன் முகம், பதினாலாயிரம்.
அப்போது ரேடியேட்டர் வாயில்
களுக்கென்று ஒரு பெருங்குமிழி.
காற்று, இவ்வளவு நேரமும் வெறும் காற்று.
மட்டம் சட்டென்று இறங்கியது. ஊற்றினேன், இன்னும் ஊற்றினேன்.
மேல் ஓஸைத் தொட்டேன்.
சுட்டது.
இவ்வளவு சந்தோஷமாக நான் கை சுட்டுக்கொண்டதில்லை.

இரவு எண்ணூர் வரை ஓட்டிப் பார்த்தோம்.
லாரிகள் அங்கேயேதான் நின்றன.
மணலிப் பக்கம் ஆலைச் சுடர் வானத்தை நக்கிக்கொண்டிருந்தது.
செல்வின் சாலையைப் பார்க்கவே இல்லை,
முள்ளையே பார்த்துக்கொண்டு வந்தான்.

கணக்கு நோட்டில் எழுதினேன்:
தெர்மோஸ்டாட் முந்நூற்று நாற்பது,
கூலன்ட் இருநூற்று எண்பது,
பால் சட்டி, புதியது, நானூற்றுப் பத்து.
பழைய சட்டியின் அடியில்
ஆல்ட்டோ என்று ஆணியால் கீறி வைத்திருக்கிறேன்.